பகுதிநேரத் தபால் வேலையோட வேறை வேலை செய்யலாமோ? எழுத்தில வாங்கப் பட்ட பாடு

காலமை கடிதம் குடுக்கிற பகுதிநேர வேலை எனக்கு. பின்னேரத்தில சுன்னாகத்தில ஒரு கடைக்குக் கணக்கு எழுதலாமோ? கேள்வி இவ்வளவுதான். உபதபாலதிபர் அக்கா, "செய்யுங்கோ தம்பி, ஆனா அனுமதியை எழுத்தில எடுத்து வையுங்கோ" எண்டு சொல்லி, மத்தியானத்தோட என்ர வேலை முடியுது எண்டு நேரம் போட்டு ஒரு கடிதமும் தந்தா. வில்லங்கம் அங்காலதான்.

மேலிடத்தில இருந்த கிளாக்கர் கடிதத்தைப் பிரிக்கவே இல்லை. "அரசாங்க ஊழியர் வெளியில சம்பளத்துக்கு வேலை செய்யேலாது. தாபன விதிக்கோவையில இருக்கு." அரசாங்க ஊழியருக்கான அந்த விதிப் புத்தகம் சொல்லுறது முழுநேர உத்தியோகத்தருக்குச் சரி. அவையின்ர நேரம் முழுக்க அரசாங்கத்துக்கு உரியது. எனக்கு வேலை செய்த நேரத்துக்கு மட்டும்தான் காசு. மிச்ச நேரத்துக்கு ஆர் சோறு போடுறது? அவர் கேக்கிற நிலையில இல்லை. "வைச்சிட்டுப் போங்கோ" எண்டார். பிரதியில சீல் அடிச்சுத் தாங்கோ எண்டு கேட்டன். "அதெல்லாம் தேவையில்லை."

பிறகு போனால், "அப்பிடி ஒரு கடிதமும் பைலில இல்லை." படலை படலையாய்ப் போய், கையெழுத்து வாங்காமல் ஒரு பதிவுத் தபாலும் குடுக்காத எனக்கு அந்தப் பதில் நெஞ்சில தைச்சுது.

அடுத்த கடிதத்தைப் பதிவுத் தபாலில போட்டன். பற்றுச்சீட்டு என்ர கையில. அதோட, 2016 ஆம் ஆண்டின் 12 ஆம் இலக்கத் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின்படி ஒரு விண்ணப்பம்: என்ர நியமனத்துக்குப் பொருந்திற விதியின்ர பிரதி வேணும். தமிழிலயே எழுதலாம், காரணம் சொல்லத் தேவையில்லை. கிடைச்சது எண்டு உடனே எழுத்தில தரவேணும், 14 வேலை நாளுக்குள்ள முடிவு சொல்லவேணும். இதுக்கெண்டு தகவல் உத்தியோகத்தர் ஒராள் இருப்பார். அவரைத் தேடிப் போங்கோ, முன்மேசையோட மல்லுக்கட்டாதையுங்கோ.

இல்லை எண்ட கடிதமும் பைலுக்குள்ள இருந்து வந்துது! அனுமதியும் வந்துது, நிபந்தனையோட. விநியோக நேரத்துக்குள்ள கடை வேலை கூடாது, தபால் பையைக் கடையில இறக்கி வைக்கக் கூடாது. ரண்டாவது எனக்கு முழுச் சம்மதம். பிள்ளையளின்ர சோதனை அனுமதி அட்டை வாற பை அது.

ரியூசன் குடுக்கிறவை, ஓட்டோ ஓடுறவை எல்லாம் இப்ப என்னட்டைப் பிரதி கேக்கினம். என்ர அனுமதி என்ர பெயருக்கு மட்டும்தான். உங்கட நியமனக் கடிதத்தில இருக்கிற நிபந்தனையளை வடிவாய் வாசிச்சு, வேலை நேரம் போட்ட கடிதமும் இணைச்சு, உங்கட பெயரிலயே கேளுங்கோ. சீல் இல்லாத பிரதியோட மட்டும் திரும்பி வராதையுங்கோ.