உறைக்குள்ள மூங்கில்

சாமுராய்னா எப்பவும் வாளை உருவிட்டு நிக்கிற ஆளுன்னுதான் ரொம்ப நாளா நினைச்சிட்டிருந்தேன். அப்புறம் படிக்கப் படிக்கத்தான் தெரியுது, 1638ல ஷிமபாராங்கிற பகுதியில நடந்த விவசாயிங்க கலகம் அடங்கினதுக்கப்புறம் இருநூறு வருஷத்துக்கு ஜப்பான்ல பெருசா போரே இல்ல, அதனால பாதி பேர் ஆபீஸ் குமாஸ்தா மாதிரி கணக்கு எழுதிட்டு இருந்திருக்காங்க.

சம்பளம் அரிசிலதான். அதை அளக்குறது 'கொக்கு'ங்கிற ஜப்பான் அளவுல; ஒரு கொக்குன்னா சுமார் 150 கிலோ, ஒரு ஆளு ஒரு வருஷம் சாப்பிடுற அளவு. தாத்தாவுக்கு எத்தனை கொக்கோ பெரும்பாலும் பேரனுக்கும் அவ்ளோதான், ஆனா விலைவாசி அப்படியேவா நிக்கும்? எடோவுல (இன்னைக்கு டோக்கியோ) அசகுசா பக்கம் அரசாங்க அரிசிக் கிடங்கு இருந்துச்சு, அங்க இருந்த புரோக்கருங்ககிட்ட அடுத்த வருஷ அரிசியைக் காட்டி இப்பவே கடன் வாங்கிடுவாங்க, அப்புறம் வட்டி கட்டியே ஓஞ்சு போறது. வீட்ல உக்காந்து குடைக்கு பேப்பர் ஒட்டி பொழைச்சவங்களும் உண்டு. சில பேர் வாளையே வித்துட்டு உறைக்குள்ள மூங்கில் பட்டையைச் சொருகிட்டு நடந்திருக்காங்க, இடுப்புல ரெண்டு வாள் தொங்கினாதானே மரியாதை! இதைப் படிச்சப்ப சிரிப்பு வந்துச்சு, அப்புறம் ஒரு மாதிரி ஆயிடுச்சு.

1868ல ஷோகுன்ங்கிற ராணுவத் தலைவரோட ஆட்சி போயி பேரரசர் ஆட்சி வந்துச்சு. 1873ல விவசாயி மகனையும் ராணுவத்துக்குக் கூப்பிட்டாச்சு. 1876 மார்ச்ல பொது இடத்துல வாள் கட்டக்கூடாதுன்னு உத்தரவு, அதே ஆகஸ்ட்ல அரிசிச் சம்பளத்தை நிறுத்திட்டு கையில பாண்டு பத்திரம் குடுத்துட்டாங்க. ஒரே வருஷத்துல இடுப்புல இருந்ததும் போச்சு, வயித்துக்கு இருந்ததும் போச்சு. பத்திரத்தை வித்து கடை போட்டவங்க பல பேர் மொத்தத்தையும் தொலைச்சாங்க, 'சாமுராய் வியாபாரம்'னா நஷ்டம்னு ஜப்பான்ல பழமொழியே இருக்கு.

எனக்குப் பிடிச்ச ஆளு சககிபாரா கென்கிச்சி. ஷோகுனோட வீரர்களுக்கே வாள் பயிற்சி குடுத்தவரு, 1873ல அதே அசகுசாவுல டிக்கெட் போட்டு வாள் சண்டை ஷோ நடத்தினாரு. சுமோ மாதிரி கிழக்கு அணி, மேற்கு அணின்னு பேர் சொல்லிக் கூப்பிட, கூட்டம் அள்ளுச்சாம். வித்தையை இப்படி காசுக்கு விக்கலாமான்னு திட்டினவங்களும் இருந்தாங்க, ஆனா வேலை போன வாள்காரங்களுக்கு அன்னைக்கு சோறு போட்டது அந்த ஷோதான்.

வாள் தடை வந்து ஒரு பத்து வருஷம் கழிச்சு, பேரரசர் முன்னாடி இரும்புத் தலைக்கவசத்தை வெட்டிக் காட்டச் சொன்னாங்க. மத்தவங்க வெட்டினப்போ வாள் இறங்கல, இவரு வெட்டினது உள்ள இறங்கிச்சு. ஊரே கிராப் வெட்டிக்கிட்ட காலத்துல, 1894ல சாகுற வரைக்கும் குடுமியை மட்டும் எடுக்கவே இல்லையாம் மனுஷன்.