ஸ்ரீதரைப் பற்றி எழுதச் சொன்னால், டைட்டில் கார்டிலிருந்து ஆரம்பியுங்கள்

தமிழ் சினிமா வரலாற்றுத் தாளில் சி.வி.ஸ்ரீதர் கேள்வி வந்தால், பலரும் மதிப்பெண் இழப்பது ஒரே இடத்தில்தான்: வசனம் எழுதிய படத்தை இயக்கிய படமாக எழுதிவிடுவார்கள். 'அமரதீபம்' (1956), 'உத்தம புத்திரன்' (1958) இரண்டிலும் எழுத்துதான் அவருடையது, இயக்கம் டி.பிரகாஷ்ராவ். இயக்குநராக முதல் படம் 1959இன் 'கல்யாணப் பரிசு'.

எனவே குறிப்பேட்டில் ஆண்டு, படம், எழுத்து, இயக்கம், தயாரிப்பு என்று ஐந்து கட்டம் போட்டு, படத்தின் டைட்டில் கார்டைப் பார்த்து நிரப்புங்கள். பட்டியலை மனப்பாடம் செய்வதைவிட இது நன்றாக நிற்கும். அவருடைய தயாரிப்பு நிறுவனமான 'சித்ராலயா' எந்தப் படத்திலிருந்து வருகிறது என்பதும் தானே தெரிந்துவிடும்.

எல்லாப் படமும் பார்க்க நேரமிருக்காது. மூன்று போதும், ஆனால் ஒவ்வொன்றையும் இருமுறை. 'கல்யாணப் பரிசு', 'நெஞ்சில் ஓர் ஆலயம்' (1962), 'காதலிக்க நேரமில்லை' (1964). முதல்முறை கதைக்கு. இரண்டாம் முறை, எங்கே வசனம் நின்று காட்சி பேசுகிறது என்று நேரத்தோடு குறியுங்கள். ஆஸ்பத்திரிக்குள்ளேயே பெரும்பகுதி நடக்கும் 'நெஞ்சில் ஓர் ஆலயம்' இதற்கு அருமையான பாடம்: 'சொன்னது நீதானா' பாட்டில் அறை ஒன்றுதான், இருப்பவர்கள் இருவர்தான், மீதி வேலையை வின்சென்ட்டின் கேமரா செய்கிறது. எத்தனை கோணம் என்று எண்ணிப் பாருங்கள். இந்த ஒரு பாட்டை வைத்தே ஒரு பக்கம் எழுதலாம்.

'முக்கோணக் காதல் இயக்குநர்' என்று முத்திரை குத்தி முடிப்பது அடுத்த பிழை. பரீட்சை வழிகாட்டிகளுக்கு அந்தச் சொல்மீது ஏனோ தீராத ஆசை! 'காதலிக்க நேரமில்லை'யில் நாகேஷ் பாலையாவுக்குப் பேய்க்கதை சொல்லி நடுங்க வைத்த அதே 1964இல்தான், வீணைக் கலைஞரின் வீழ்ச்சியைச் சொல்லும் 'கலைக்கோவி'லும் வந்தது. பன்முகத்தன்மைக்கு இந்த ஜோடியே வலுவான சான்று. நகைச்சுவையைப் பேசும்போது, எழுத்தில் கூட இருந்த 'சித்ராலயா' கோபுவை விட்டுவிடாதீர்கள்.

இந்தி மறுஆக்கங்களுக்கு இரண்டு வரி போதும். 'நஸ்ரானா' (1961), 'தில் ஏக் மந்திர்' (1963), 'ப்யார் கியே ஜா' (1966) மூன்றையும் அவரே இயக்கினார். தமிழ் மூலத்தின் பெயரைப் பக்கத்திலேயே எழுதுங்கள்; கடைசி நிமிட அவசரத்தில் முதல் இரண்டும் இடம் மாறிவிடும்.