கனகராயன் ஆற்றுத் தேக்கங்களும் ஒரு காய்ச்சலின் வரலாறும்

வன்னியைப் பார்க்கப் போகிறவர்கள், மாரி முடிந்து குளங்கள் வான் பாய்கிற தை, மாசி மாதங்களையே பெரும்பாலும் தெரிந்தெடுப்பார்கள். நான் ஆவணியில் போனேன். வவுனியாவைக் கடந்து ஓமந்தை, புளியங்குளம், கனகராயன்குளம், மாங்குளம் என்று வடக்கே நீளும் ஏ-9 வீதியின் இருபுறமும் வயல்கள் அறுத்துக் காய்ந்து கிடந்தன. பாலையும் வீரையும் மட்டும் அந்த வெயிலிலும் பச்சை குறையாமல் நின்றன. நான் பார்க்க விரும்பியது நிறைந்த குளத்தை அன்று. ஓட்டம் நின்றுபோன ஆற்றில், மணல் திட்டுகளுக்கு இடையே ஆங்காங்கே தேங்கிக் கிடக்கும் தெளிந்த தண்ணீரைத்தான். யாழ்ப்பாணத்தில் என் பாட்டன் காலத்தில் வன்னிக்குப் பெண் கொடுக்கவே தயங்கியதற்குக் காரணமான மலேரியா, அத்தகைய தேக்கங்களில்தான் பிறந்தது.

கனகராயன்குளத்துக்கு அண்மையில் வீதியை விட்டு இறங்கி ஆற்றுப் படுக்கையில் நடந்தேன். மருத மரங்களின் வேர்களுக்குக் கீழேயும் மாடுகள் இறங்கிய கால்தடங்களிலும் தண்ணீர் தேங்கி நின்றது. இலங்கையில் மலேரியாவைப் பரப்பிய முதன்மையான நுளம்பாகிய அனோபிலிஸ் கியூலிசிபேசிஸ் முட்டையிடுவதற்கு விரும்புவது இப்படிப்பட்ட, வெயில் படுகிற, அசையாத, அழுக்கில்லாத நீரைத்தான். நிறைந்து நிற்கும் பெரிய குளத்தின் ஆழமான நீரை அது அவ்வளவாக நாடுவதில்லை. ஆகவேதான் மழை பொய்த்து ஆறுகள் துண்டு துண்டாகத் தேங்கிய 1934, 1935ஆம் ஆண்டுகளில் காய்ச்சல் தென்மேற்கின் ஈரவலயத்துக்குள் புகுந்து ஏறக்குறைய 80,000 உயிர்களைக் கொண்டுபோயிற்று. அங்கே ஆறுகள் வழமையாக வற்றாமல் ஓடின. அதனால் மக்களின் உடலுக்கு இந்தக் கிருமியோடு பழக்கம் இருக்கவில்லை. வன்னி மக்களோ அதனோடு தலைமுறை தலைமுறையாக வாழ்ந்து, செத்தது போக மிஞ்சியவர்கள். காய்ச்சல் ஓர் ஊரை எவ்வளவு பிடித்திருக்கிறது என்று அறிய அந்தக் காலத்து வைத்திய அதிகாரிகள் பள்ளிப் பிள்ளைகளை வரிசையில் நிறுத்தி, வயிற்றைத் தடவி, மண்ணீரல் வீங்கியவர்கள் எத்தனை பேர் என்று கணக்கெடுத்தார்கள்.

பத்தொன்பதாம் நூற்றாண்டில் ஐரோப்பிய வைத்தியர்கள் சொன்ன காரணம் வேறு: சதுப்பிலும் அழுகிய இலைகளிலும் இருந்து எழும் நச்சுக் காற்றே காய்ச்சலைத் தருகிறது என்றார்கள். அதை மூடத்தனம் என்று தள்ளிவிட எனக்கு மனமில்லை. தேங்கிய நீருக்கும் காய்ச்சலுக்கும் தொடர்பு உண்டு என்பதை அவர்கள் சரியாகவே கவனித்திருந்தார்கள். அந்த இரண்டுக்கும் நடுவே பறக்கிற ஒரு பூச்சியைத்தான் காணவில்லை. நம்முடைய நாட்டு வைத்தியர்கள் ஒருநாள் விட்டு ஒருநாள் வருவது, இரண்டு நாள் விட்டு வருவது என்று முறைக்காய்ச்சல்களை வகைப்படுத்தி, நிலவேம்பைக் காய்ச்சிக் கொடுத்தார்கள். அந்த முறை பிசகாத வருகை, இரத்தத்தின் சிவப்பணுக்களுக்குள் கிருமி பெருகி அவற்றை உடைத்துக்கொண்டு வெளியேறுவதற்கு எடுக்கும் காலம் என்பது பிறகு தெரிய வந்தது. நாள் கணக்கு சரியாகவே இருந்தது.

முறிகண்டிப் பிள்ளையாருக்குத் தேங்காய் உடைக்காமல் எந்த வாகனமும் அந்த இடத்தைத் தாண்டுவதில்லை; நானும் உடைத்துவிட்டு, ஒரு பொதி கச்சானுடன் இரணைமடுக் குளக்கட்டுக்குப் போனேன். கனகராயன் ஆறு வந்து சேருமிடம் இதுதான். கட்டில் உட்கார்ந்து நினைத்துப் பார்த்தால், இந்தக் காய்ச்சலுக்கான முதல் நல்ல மருந்து வந்த வழி வியப்பைத் தருகிறது. தென் அமெரிக்காவின் அந்தீஸ் மலைச் சரிவுகளில் வளர்ந்த சிங்கோனா மரத்தின் பட்டையைப் பதினேழாம் நூற்றாண்டில் இயேசு சபைத் துறவிகள் ரோமாபுரிக்குக் கொண்டுபோனார்கள். பெருவின் அரசப் பிரதிநிதியின் மனைவி அதனால் குணமானாள் என்றொரு கதையை நம்பித்தான் லின்னேயஸ் அந்த மரத்துக்கே அவளுடைய பெயரை வைத்தார். கதைக்கு ஆதாரம் இல்லை. ஆனால் பட்டையின் குணத்தை அறிந்திருந்த மலைவாசிகளில் ஒருவரது பெயரும் எந்த மரத்துக்கும் வைக்கப்படவில்லை. 1820இல் பாரிசில் பெல்தியே, கவந்து என்ற இருவர் பட்டையிலிருந்து குயினைனைப் பிரித்தெடுத்தார்கள். 1861இல் இலங்கையில் ஹக்கலைத் தோட்டம் தொடங்கப்பட்டதே சிங்கோனா பயிரிடத்தான். இதைவிடச் சிறந்த விதையை ஆங்கிலேய வணிகரான லெட்ஜருக்குத் தேடிக் கொடுத்த மனுவேல் இங்க்ரா மமானி என்ற பொலிவிய மலைவாசியைப் பின்னர் சொந்த நாட்டு அதிகாரிகளே சிறைப்பிடித்து அடித்துக் கொன்றார்கள். அந்த விதையை 1865இல் ஒல்லாந்தர் வாங்கி யாவாவில் விதைத்தார்கள்; உலகத்தின் குயினைன் வியாபாரத்தில் பெரும்பகுதி அவர்கள் கைக்குப் போயிற்று.

மருந்து கிடைத்துவிட்டது, அது எதைக் கொல்கிறது என்பதை அறிய இன்னும் அறுபது ஆண்டுகள் சென்றன. 1880 நவம்பரில் அல்ஜீரியாவின் கொன்ஸ்தந்தீன் நகரத்து இராணுவ வைத்தியசாலையில் பிரெஞ்சுக்காரரான லவரான், நோயாளியான ஒரு சிப்பாயின் இரத்தத்தில் நூல் போன்ற வால்களை அசைத்துக்கொண்டிருந்த உயிரைக் கண்டார். சீனாவின் அமோய் துறைமுகத்தில் பணியாற்றியபோது யானைக்கால் நோயின் புழுவை நுளம்புக்குள் கண்டிருந்த பட்ரிக் மான்சன், மலேரியாவையும் நுளம்பே சுமக்கலாம் என்று ஊகித்தார். அந்த ஊகத்தைச் சோதிக்க இறங்கிய பிரித்தானிய இராணுவ வைத்தியரான ரொனால்ட் ரோஸ், 1897 ஆகஸ்ட் 20ஆம் திகதி செகந்தராபாத்தில், ஒரு நுளம்பின் வயிற்றுச் சுவரில் அந்தக் கிருமி வளர்ந்துகொண்டிருப்பதைப் பார்த்தார். அந்த நுளம்பு குடித்திருந்தது ஹுசேன் கான் என்ற நோயாளியின் இரத்தம். கடிக்கக் கொடுத்ததற்கு நுளம்புக்கு ஓர் அணா வீதம் அவருக்குக் கிடைத்தது. அடுத்த ஆண்டு கல்கத்தாவில், நுளம்பின் உமிழ்நீர்ச் சுரப்பி வழியாகக் கிருமி பறவைகளுக்குத் தொற்றுவதை ரோஸ் காட்டியபோது அருகில் இருந்து நுளம்பு வளர்த்தவர் முகமது பக்ஸ். மனிதரில் அதையே நிறுவியவர்கள் இத்தாலியரான கிராசியும் அவருடைய தோழர்களும். 1902இல் நோபல் பரிசு ரோசுக்கு மட்டும் கிடைத்தது. கிராசிக்கும் அவருக்கும் இடையே நடந்த சண்டை சாகும்வரை தீரவில்லை. இருவரும் தத்தம் நாட்டின் பெருமையை இழுத்துக்கொண்டு நின்றதைப் படிக்கும்போது, கடி வாங்கிய ஹுசேன் கானின் பக்கமே என் மனம் சாய்கிறது.

மாங்குளத்துக்குத் திரும்பி, மேற்கே பிரிகிற வெள்ளாங்குளம் வீதியில் மல்லாவிக்குப் போனேன். அங்கே தெரிந்தவர் ஒருவர் மூலம், ஒரு காலத்தில் வீடு வீடாக மருந்தடித்துத் திரிந்த பெரியவரைச் சந்திக்க முடிந்தது. ஊரார் இன்றும் அவரை 'மலேரியாக்காரர்' என்றே அழைக்கிறார்கள். தேநீர் வைத்துவிட்டுச் சொன்னார்: "தம்பி, நுளம்பு இரத்தம் குடிச்ச உடனை பாரத்தோடை பறக்க ஏலாமல் சுவரிலை போய்க் குந்தும். அந்தச் சுவரிலைதான் நாங்கள் மருந்தடிக்கிறது. ஆனால் நாங்கள் அடிச்சுப்போட்டு அங்காலை போக, சனம் பொங்கலுக்கெண்டு சாணியாலை மெழுகிப்போடும்."

"அப்ப என்ன செய்வியள் ஐயா?" என்றேன்.

"திரும்பப் போய் அடிக்கிறதுதான்."

மண் சுவரை மெழுகுவது வன்னியின் நல்ல வழக்கம்; அந்த வழக்கத்தையும் கணக்கில் எடுத்து நாட்களை ஒழுங்குபடுத்தியவர்கள் இவரைப் போன்ற களப் பணியாளர்கள்தான். டி.டி.டி. என்ற பொருளை 1874இலேயே ஒத்மார் சைட்லர் என்ற மாணவர் செய்து வைத்திருந்தார். எதற்குப் பயன்படும் என்று யாருக்கும் தெரியவில்லை. 1939இல் சுவிற்சர்லாந்தின் பாசல் நகரத்தில் போல் முல்லர் அது பூச்சிகளைக் கொல்வதைக் கண்டு, 1948இல் நோபல் பரிசும் பெற்றார். இலங்கை அதை வீட்டுச் சுவர்களில் அடிக்கத் தொடங்கியது 1940களின் நடுவில். 1946இல் ஏறக்குறைய 28 லட்சமாக இருந்த நோயாளர் தொகை 1963இல் 17ஆகக் குறைந்தது. லட்சத்தில் அன்று, வெறும் பதினேழு பேர். இதே காலத்தில்தான் வவுனிக்குளம் போன்ற பாழடைந்த குளங்கள் திருத்தப்பட்டு, அவற்றின் கீழ் காடு வெட்டிக் குடியேற்றங்கள் எழுந்தன; மருந்தடித்த சுவர்கள் இல்லாமல் அந்த வயல்கள் இல்லை என்பது என் எண்ணம். ஆனால் வெற்றி கிடைத்ததென்று மருந்தடிப்பதை நிறுத்தினார்கள், காவலும் தளர்ந்தது. 1968, 1969ஆம் ஆண்டுகளில் காய்ச்சல் லட்சக்கணக்கில் திரும்பி வந்தது. நுளம்பும் டி.டி.டி.க்குப் பழகிவிட்டிருந்தது, மலத்தியன் என்ற வேறொரு பூச்சிகொல்லிக்கு மாற வேண்டியதாயிற்று.

நுளம்பைப் போலவே கிருமியும் மருந்துகளுக்குப் பழகிக்கொண்டது. அதற்கான விடை வந்த இடம் சீனா. வியட்நாம் போரில் வட வியட்நாமியப் படைகளைக் காய்ச்சல் அழிப்பதைத் தடுக்க 1967 மே 23ஆம் திகதி சீனாவில் ஓர் இரகசியத் திட்டம் தொடங்கிற்று. அதில் சேர்ந்த தூ யூயூ என்ற பெண்மணி பழைய வைத்திய ஏடுகளைப் புரட்டியபோது, நான்காம் நூற்றாண்டுக்காரரான கே ஹோங் எழுதிய ஒரு குறிப்பு கண்ணில் பட்டது: ஒரு பிடி சிங்ஹாவ் செடியை நீரில் ஊறவைத்து, பிழிந்து சாற்றைக் குடி. நம் ஊரில் எதையும் எட்டொன்றாய் வற்றக் காய்ச்சினால்தான் கசாயம். சீனத்திலும் அதுவே வழக்கம். இந்தக் குறிப்பிலோ அடுப்பைப் பற்றிய பேச்சே இல்லை. சூடுதான் மருந்தைக் கெடுக்கிறது என்று ஊகித்த அவர், குறைந்த வெப்பத்தில் கொதிக்கும் ஈதரைக் கொண்டு 1971இல் சாரத்தைப் பிரித்தெடுத்தார். ஆர்ட்டிமிசினின் கிடைத்தது இப்படித்தான்; நோபல் பரிசு 2015இல் வந்தது. ஏட்டில் உள்ளதெல்லாம் உண்மை என்று கொண்டாடுகிறவர்களும், ஏட்டில் ஒன்றுமே இல்லை என்று சிரிக்கிறவர்களும் இந்தக் கதையைத் தத்தமக்குச் சாதகமாக எடுத்துக்கொள்கிறார்கள். தூ யூயூவோ ஏட்டை நம்பியதோடு நிற்கவில்லை. எலியிலும் குரங்கிலும் சோதித்த பிறகு, தானே குடித்தும் பார்த்தார்.

1995 ஒக்ரோபரில் யாழ்ப்பாணத்தை விட்டு வெளியேறிய மக்களில் பெருந்தொகையானோர் அடுத்த மாதங்களில் வன்னிக்கு வந்து, மர நிழலிலும் தறப்பாளின் கீழும் தங்கினார்கள். மலேரியாவைப் பெரிதும் அறியாத உடல்கள். சுவரே இல்லாத கொட்டில்கள். எரிபொருளுக்கும் மருந்துக்கும் கட்டுப்பாடு. 1999இல் நாடு முழுவதும் பதிவான 264,549 நோயாளரில் பெரும்பான்மையானோர் போர் நடந்த மாவட்டங்களில் இருந்தார்கள். ஆயினும் போர் முடியும் முன்னரே எண்ணிக்கை சரிந்து, 2008இல் ஆயிரத்துக்கும் கீழே வந்துவிட்டது. மல்லாவிப் பெரியவரும் அவரைப் போன்றவர்களும் இரண்டு நிர்வாகங்களுக்கு இடையே சோதனைச் சாவடிகளைத் தாண்டி, இரத்தக் கண்ணாடித் தகடுகளையும் குளிசைகளையும் கொண்டு திரிந்தார்கள். காய்ச்சல் விட்ட பிறகும் பதினான்கு நாள் பிரைமாகுயின் என்ற குளிசையை விழுங்கச் செய்வதுதான் எல்லாவற்றிலும் கடினமான வேலை என்றார் அவர். ஒருவகைக் கிருமி ஈரலுக்குள் மாதக் கணக்கில் உறங்கிக் கிடந்து மீண்டும் எழும் என்பது 1980களில்தான் விஞ்ஞானிகளுக்கு உறுதியாயிற்று. குணமாகிவிட்டதென்று வயலுக்குப் போன ஒருவரைத் தேடிப்போய், கண் முன்னே குளிசையை விழுங்க வைப்பதற்கு அந்த அறிவோடு பொறுமையும் சைக்கிளும் வேண்டியிருந்தன. உள்நாட்டில் தொற்றிய கடைசி நோயாளி பதிவானது 2012 ஒக்ரோபரில். 2016 செப்டெம்பரில் மலேரியா அற்ற நாடு என்று உலக சுகாதார நிறுவனம் இலங்கைக்குச் சான்றளித்தது.

வெள்ளாங்குளத்தில் ஏ-32 வீதியில் ஏறி, இலுப்பைக்கடவை, விடத்தல்தீவு வழியாக மன்னாருக்கு வந்து சேர்ந்தேன். இங்கே நான் பார்க்க வந்தது கிணறுகளை; வேறு யாரும் அதற்காக வருவதில்லை. சான்றிதழ் வந்து சில மாதங்களுக்குள், அதே 2016இன் கடைசியில், இந்தியாவின் நகரங்களில் மலேரியாவைப் பரப்புகிற அனோபிலிஸ் ஸ்டீபன்சி என்ற நுளம்பு இலங்கையில் முதன்முறையாகக் கண்டுபிடிக்கப்பட்டது மன்னாரில். இது ஆற்றுத் தேக்கத்தைத் தேடுவதில்லை. கிணற்றிலும் தண்ணீர்த் தொட்டியிலும் வளரும். 2012இல் ஆபிரிக்காவின் ஜிபூட்டியிலும் தென்பட்டு, பின்னர் எத்தியோப்பியாவுக்கும் பரவிய அதே இனம். அதனால்தான் இங்கே கிணறுகளில் நுளம்புப் புழுக்களைத் தின்னும் கப்பி என்ற சிறு மீனை விடுவதும், பயன்படாதவற்றை மூடுவதும்.

நுளம்பு இருக்கிறது, கிருமி இல்லை. இன்றைய நிலை இவ்வளவுதான். கிருமி வருவது வெளிநாடு போய்வரும் நம்மவர்களின் இரத்தத்தில். இந்தியாவுக்கு யாத்திரை போனவர்களும் ஆபிரிக்காவில் வேலை பார்த்துத் திரும்பியவர்களும், காய்ச்சல் கண்டால் எந்த நாட்டிலிருந்து வந்தோம் என்பதை வைத்தியரிடம் கேட்கும் முன்பே சொல்லிவிட வேண்டும். அரசாங்க வைத்தியசாலையில் இரத்தப் பரிசோதனைக்குப் பணம் கட்ட வேண்டியதில்லை. சொல்லாவிட்டால், மலேரியா நோயாளியைக் கண்ணாலேயே கண்டிராத இளம் வைத்தியருக்கு முதலில் நினைவு வருவது டெங்குதான்.