மலம்புழாவை மெட்ராஸில் தேடுங்கள்

பாலக்காடு, சித்தூர்ப் பக்கத்து ஊர்களைப் பற்றி ஆவணப்படம் எடுக்கிறவர்கள் பழைய காட்சி தேடும்போது முதலில் தட்டச்சு செய்வது 'கேரளா'. அங்கேயே தேடல் வழி தவறிவிடுகிறது. 1956 நவம்பர் 1-க்கு முன் அப்படி ஒரு மாநிலமே கிடையாது. பாலக்காடு அப்போது மெட்ராஸ் மாநிலத்து மலபார் மாவட்டம். மலம்புழா அணையை 1955-இல் திறந்துவைத்ததும் மெட்ராஸ் முதலமைச்சர் காமராஜர்தான். ஆகவே மெட்ராஸ், மலபார், பால்காட் (பாலக்காட்டின் பழைய ஆங்கிலப் பெயர்) என்று தேடுங்கள். பக்கத்துச் சித்தூரோ 1949 வரை கொச்சிச் சமஸ்தானம், பிறகு 1956 வரை திருவிதாங்கூர்-கொச்சி மாநிலம். வெறும் 'சித்தூர்' என்று போட்டால் ஆந்திரத்துச் சித்தூர் வந்து நிற்கும். செங்கோட்டையைத் தேட 1949 வரை திருவிதாங்கூர், பிறகு 1956 வரை திருவிதாங்கூர்-கொச்சி என்று போடுங்கள்.

காப்பகத்தில் படங்களுக்கு அட்டவணை எழுதியவர்கள் பெரும்பாலும் வந்த தலைவரின் பெயரை எழுதினார்கள், ஊரை விட்டுவிட்டார்கள். எனவே அணை, தேயிலை, ரயில், அமைச்சர் பெயர் என்றும் தேட வேண்டும். 1948-இல் தொடங்கிய அரசு நிறுவனமான ஃபிலிம்ஸ் டிவிஷனின் செய்திப்படங்கள் இப்போது என்.எஃப்.டி.சி.யின் (தேசியத் திரைப்பட வளர்ச்சிக் கழகம்) கீழ் இருக்கின்றன. ஒரே படத்துக்குப் பல மொழிகளில் வர்ணனை சேர்த்தார்கள். தமிழ்ப் பிரதி கிடைக்காவிட்டால் இந்திப் பிரதியின் காட்சியே போதும். பிரிட்டிஷ் குடும்பங்கள் இந்தியாவில் எடுத்த வீட்டுப் படங்கள் கேம்பிரிட்ஜ் தெற்காசிய ஆய்வு மையத்தில் இருக்கின்றன.

எஸ்டேட் பங்களாவிலோ பழைய வீட்டுப் பரணிலோ 16 எம்.எம். டப்பா கிடைத்தால் தயவுசெய்து புரொஜெக்டரில் மாட்டாதீர்கள். திறந்ததும் வினிகர் வாடை அடித்தால் ஃபிலிமின் அடித்தளமான அசிடேட் சிதையத் தொடங்கிவிட்டது. புது ஃபிலிம் துண்டு ஒன்றைப் பக்கத்தில் வைத்து ஓரத்துளைகளை ஒட்டிப் பாருங்கள். 100 ஃபிரேமுக்கு ஒரு ஃபிரேம் பின்தங்கினால் சுருக்கம் 1 சதவீதம். புரொஜெக்டரின் பற்கள் அதன் துளைகளைக் கிழித்துவிடும். பற்சக்கரம் இல்லாத ஸ்கேனரில்தான் ஏற்ற வேண்டும். மற்ற ரீல்களிலிருந்து அதைத் தனியாக வையுங்கள், ஆவி அவற்றையும் கெடுக்கும். 400 அடி ரீல் 24 ஃபிரேம் வேகத்தில் 11 நிமிடம் ஓடும். மௌனப் படம் 16 அல்லது 18 ஃபிரேமில் எடுத்ததாக இருக்கலாம். 25-இல் ஓட்டினால் ஆட்கள் ஓடுவதுபோல் நடப்பார்கள். 4:3 சட்டத்தை அகலத் திரைக்கு இழுக்கவும் கூடாது. பக்கவாட்டில் கறுப்பு விடுங்கள்.

காப்பகம் தரும் முத்திரை (வாட்டர்மார்க்) போட்ட மாதிரிப் பிரதியில் எடிட் செய்யும்போது ரீல் எண்ணையும் டைம்கோடையும் (ஒவ்வொரு ஃபிரேமுக்கும் உரிய நேர எண்) ஒவ்வொரு துண்டுக்கும் குறித்து வையுங்கள். யூடியூபிலிருந்து இறக்கிய பிரதியில் மூல டைம்கோடு இருக்காது. கடைசியில் தரமான பிரதியை மாற்றும்போது ஒவ்வொரு வெட்டையும் கண்ணால் தேட வேண்டிவரும்.

திரைப்படப் பதிப்புரிமை, வெளியான அடுத்த ஆண்டுத் தொடக்கத்திலிருந்து 60 ஆண்டு. 1955-இல் வெளியானது 2016 முதல் பொதுவுடைமை. ஆனாலும் காப்பகம் பிரதிக்கும் ஸ்கேனுக்கும் கட்டணம் கேட்கலாம். பாட்டுக்கும் இசைக்கும் உரிமை தனி. அனுமதிக் கடிதத்தில் எத்தனை விநாடி, எந்த நாடுகள், எத்தனை ஆண்டு, திரைப்பட விழாவா, ஓ.டி.டி.யா என்பதை எழுதி வாங்குங்கள். விழாவுக்கு மட்டும் வாங்கிவிட்டுப் பிறகு ஓ.டி.டி.க்குப் போனால் மறுபடியும் பேரம் பேச வேண்டும். அதற்குள் அந்தக் காட்சி இல்லாமல் படமே நிற்காது என்ற நிலை வந்திருக்கும்.