மேகி ஸ்மித்தை ஊமைப்படமாகப் பார்த்தது: 31ஆம் வாரக் குறிப்பு

ஒரு நீள நோட்டு வாங்கி, பக்கத்தின் நடுவே கோடு கிழித்தேன். இடது பக்கம் மேடை, வலது பக்கம் திரை. ஆங்கிலேய நடிகை மேகி ஸ்மித் நடித்ததையெல்லாம் ஆண்டு வரிசையில் எழுதிக்கொண்டு, பார்க்கப் பார்க்க டிக் அடிக்க வேண்டும். சனிக்கிழமை ராத்திரிக்கு ஒன்று என்றால் நாற்பது வாரத்தில் முடியும் என்று கணக்கு. இப்போது முப்பத்தொன்றில் நிற்கிறேன்.

ஆரம்பித்த காரணம் சின்னதுதான். எனக்குத் தெரிந்த மேகி ஸ்மித் இரண்டே பேர்: ஹாரி பாட்டர் படங்களின் ஆசிரியை மெக்கானகல், டவுன்டன் அபி டிவி தொடரின் கிழச் சீமாட்டி. 2024 செப்டம்பர் 27 அன்று அவர் இறந்தபோது வயது 89. அஞ்சலிக் குறிப்பு ஒன்றைப் படித்தபோது உறைத்தது: 1952இல், 17 வயதில், ஆக்ஸ்போர்டு மாணவர் நாடகக் குழுவில் ஷேக்ஸ்பியரின் வயோலாவாக மேடையேறியவர். கடைசிப் படம் ஒன்று 2023இல் வந்திருக்கிறது. எழுபது வருஷத்தில் நான் பார்த்திருந்தது கடைசி இருபதை மட்டும்.

முதல் இரண்டு வாரம் வீண். ஐம்பதுகளின் படம் எதுவும் என் கைக்குச் சிக்கவில்லை, ஆண்டு வரிசை அப்போதே உடைந்துவிட்டது. மூன்றாம் வாரம் 1965இன் ஒத்தெல்லோ, ஷேக்ஸ்பியருடையது. லண்டனில் நடிகர் லாரன்ஸ் ஒலிவியர் தொடங்கிய நேஷனல் தியேட்டரின் நாடகத்தை ஸ்டுடியோவுக்குள் கொண்டுவந்து எடுத்தது. ஒலிவியர் உடம்பெல்லாம் கறுப்புச் சாயம் பூசிக்கொண்டு வருவதை இன்று நெளியாமல் பார்க்க முடியாது. கடைசி வரிசைக்கும் கேட்க வேண்டும் என்பதுபோல அவர் முழங்க, ஒத்தெல்லோவின் மனைவி டெஸ்டிமோனாவாக மேகி பக்கத்தில் நின்று கேட்கிறார். அந்தக் கேட்பதைப் பார்க்கவே நான் ஒரு காட்சியை மூன்று தடவை ஓட்டினேன். அவர்கள் இரண்டு பேரோடு இன்னும் இருவருக்கும் சேர்த்து, இந்த ஒரே படத்தில் நடித்த நாலு பேருக்கு ஆஸ்கர் பரிந்துரை கிடைத்தது.

நாலாம் வாரம்தான் திருப்பம். 1969இல் வந்த 'மிஸ் ஜீன் பிராடி' படத்தைப் போட்டேன். ஹெட்போனில் ஒரு பக்கம் செத்துப்போயிருந்தது, மறு பக்கம் கொரகொரவென்றது. அம்மா பக்கத்து அறையில் தூங்குகிறார், ஸ்பீக்கரில் வைக்க முடியாது. சரி, அடியில் ஓடும் சப்டைட்டில் எழுத்தை மட்டும் படித்துப் பார்ப்போம் என்று சத்தத்தை அடைத்தேன். பத்து நிமிஷத்தில் இன்னொன்று புரிந்தது: எழுத்து இருந்தால் கண் திரையின் அடியிலேயே கிடக்கிறது, முகம் போய்விடுகிறது. எழுத்தையும் எடுத்துவிட்டேன்.

அப்போதுதான் அந்தக் கைகள் தெரிந்தன. பிராடி 1930களின் எடின்பரோவில் பெண்கள் பள்ளி ஆசிரியை. கழுத்தை அரை அங்குலம் கூடுதலாக நீட்டி நடக்கிறார். மணிக்கட்டு முதலில் கிளம்புகிறது, விரல்கள் கொஞ்சம் பிந்தி வந்து சேர்கின்றன. வகுப்புக்கு எதையாவது சொல்லும்போது கை காற்றில் ஒரு கோடு போட்டு அங்கேயே நிற்கிறது, மாணவிகள் பார்த்து முடிக்கட்டும் என்பதுபோல. கடைசியில், தன்னைக் காட்டிக்கொடுத்த மாணவி யார் என்று தெரியும் இடத்தில், அதே கைகளுக்குப் போக்கிடம் இல்லை. வசனம் கேட்காமலே அந்த அம்மாள் தோற்றுப்போனது தெரிகிறது. இவரை எல்லோரும் புகழ்வது குரலுக்கும் நக்கலுக்கும். எனக்கு அது இரண்டாம்பட்சமாகிப்போனது அன்றுதான்.

அதற்குப் பிறகு முறையை மாற்றினேன். முதல் தடவை எழுத்தோடும் சத்தத்தோடும், மறுநாள் முக்கியமான இரண்டு காட்சிகள் மட்டும் ஊமையாக. ஒரு வாரம் இரண்டு வாரமாக நீளாமல் இருக்க இது போதும். ஹெட்போன் புதிது வாங்கிவிட்டேன், ஆனாலும் ஊமை ஓட்டத்தை விடவில்லை.

எட்டாம் வாரம் 'கலிஃபோர்னியா சூட்', 1978. ஆஸ்கருக்காக ஹாலிவுட் வந்து, கிடைக்காமல் ஹோட்டல் அறைக்குத் திரும்பும் ஆங்கிலேய நடிகை வேடம். ஆஸ்கரில் தோற்றுப்போகும் அந்த வேடத்துக்கே அவருக்கு இரண்டாவது ஆஸ்கர் வந்தது. முதலாவது பிராடிக்கு.

இங்கேதான் நோட்டின் இடது பக்கம் என்னைத் தொந்தரவு செய்யத் தொடங்கியது. 1976 முதல் 1980 வரை திரைப் பக்கத்தில் மூன்றே வரி எழுதியிருந்தேன். இடது பக்கத்தில் இடம் போதவில்லை. கனடாவில் ஒன்டாரியோவின் ஸ்ட்ராட்ஃபோர்டு விழா மேடையில் கிளியோபாட்ரா, ரோசலிண்ட், லேடி மெக்பெத், பியாட்ரிஸ், எழுத்தாளர் வர்ஜீனியா வுல்ஃப் என்று வேடங்கள். ஒன்றையும் நான் பார்க்க வழியில்லை. அந்தச் சாயங்காலங்களில் உள்ளே உட்கார்ந்திருந்தவர்களோடு அது முடிந்துவிட்டது. டிக் அடிக்க முடியாத வரிகளுக்குப் பென்சிலால் ஒரு சின்ன வட்டம் போட்டேன். இப்போது நோட்டில் டிக்கைவிட வட்டம் அதிகம்.

பதினாலாம் வாரம், 1988இல் பிபிசியில் வந்த 'பெட் அமங் தி லென்டில்ஸ்'. ஆலன் பென்னட் எழுதியது, ஒரே ஆள் பேசுவது, சுமார் ஐம்பது நிமிஷம். பாதிரியாரின் மனைவி சூசன் கேமராவைப் பார்த்துப் பேசுகிறாள். குடிக்கிறேன் என்று அவள் நேராகச் சொல்வதில்லை, நாம்தான் கூட்டிக்கழித்துக்கொள்ள வேண்டும். தேவாலயத்து ஒயின் குறைகிறது, பூ அலங்காரத்தின்போது விழுந்து வைக்கிறாள், பக்கத்துக் கடையில் கடன் ஏறிப்போனதால் லீட்ஸ் வரை போகிறாள். அங்கே ரமேஷ் என்ற இந்தியர் கடை வைத்திருக்கிறார். தலைப்பில் உள்ள பருப்பு அந்தக் கடையின் சரக்கறைப் பருப்பு. அங்கே என்ன நடக்கிறது என்பதையும் சூசன் ஜவுளிக்கடை பில் வாசிப்பதுபோலத்தான் சொல்கிறாள். குடிக்காமல் ஒரு நாள் வர முடியுமா என்று ரமேஷ் கேட்டதைச் சொல்லும்போது மட்டும் முகத்தில் ஏதோ அசைகிறது. என்னவென்று எழுத நாலு வரி அடித்துவிட்டு விட்டுவிட்டேன்.

வழக்கம்போல இதையும் ஊமையாக ஓட்டிப் பார்த்தேன். ஒன்றும் கிடைக்கவில்லை! கை மடியில், உடம்பு அசையாமல். பிராடியில் அத்தனை வேலை செய்த மணிக்கட்டை இங்கே கட்டிப்போட்டிருக்கிறார். என் முறை தோற்ற முதல் படம் இது. இதுவரை பார்த்ததில் ஒன்றைத்தான் வைத்துக்கொள்ளலாம் என்றால் இதைத்தான் வைத்துக்கொள்வேன்.

தொண்ணூறுகளை வேகமாகக் கடந்தேன். 1991இல் 'ஹுக்' படத்தில் வெண்டி பாட்டி. அப்போது இவருக்கு வயது 56தான்! அப்புறம் கன்னியர் மடத் தலைவியான மதர் சுப்பீரியர், கண்டிப்பான வீட்டு மேலாளர் என்று அதட்டும் பெண்மணிகளாகவே வருகிறார்கள். நன்றாகத்தான் செய்கிறார், எனக்குத்தான் அலுத்தது. அதே ஆண்டுகளில் மேடைப் பக்கத்தைப் பார்த்தால் 'லெட்டிஸ் அண்ட் லவேஜ்'. 1990இல் அதற்கு, அமெரிக்காவில் நாடகத்துக்குத் தரும் டோனி விருது. அதற்கும் பென்சில் வட்டம்தான்.

நடுவில் தேடிக்கொண்டிருந்தபோது கிடைத்தது: ஆமிர் கானின் 'மங்கள் பாண்டே'யில் வெள்ளைக்கார கேப்டனாக வரும் டோபி ஸ்டீஃபன்ஸ் இவருடைய மகன். அந்தப் படத்தை முன்பே பார்த்திருக்கிறேன், அப்போது தெரியாது. இந்த ஆட்டத்துக்குச் சம்பந்தமில்லை என்றாலும் நோட்டின் ஓரத்தில் எழுதிவைத்தேன்.

ஹாரி பாட்டர் படங்கள் எட்டில் ஏழில் இருக்கிறார். ஆறாவதை எடுத்தபோது மார்பகப் புற்றுநோய்க்குச் சிகிச்சையில் இருந்தார். அது தெரிந்த பிறகு அந்தப் படத்தை ஊமையாக ஓட்ட மனம் வரவில்லை. ராஜஸ்தானில் எடுத்த 'மேரிகோல்டு ஹோட்டல்' முறைக்கு நன்றாக ஒத்துவந்தது. சக்கர நாற்காலியிலேயே பாதிப் படம் போவதால் கண்ணும் தாடையும் மட்டுமே மிச்சம்.

முப்பத்தொன்றாம் வாரம், போன சனிக்கிழமை. டவுன்டன் அபியில், வாரக்கடைசி என்றால் என்ன என்று சீமாட்டி கேட்கும் சாப்பாட்டு மேசைக் காட்சியை ஊமையாக ஓட்டிக்கொண்டிருந்தேன். தண்ணீர் குடிக்க எழுந்த அம்மா பின்னால் வந்து நின்றார்.

"மறுபடியும் அந்தப் பாட்டியா? சத்தம் வையேன், என்ன சொல்றாங்க?"

சொன்னேன். வேலைக்குப் போகாதவருக்கு ஏது வாரக்கடைசி என்று அம்மாவுக்கும் தோன்றியது போலிருக்கிறது, சிரித்தார். நாற்காலியை இழுத்துப் போட்டுக்கொண்டு உட்கார்ந்துவிட்டார். அன்றைக்கு ஊமை ஓட்டம் அதோடு சரி. ஒன்றரை மணி வரை எபிசோடுகளைச் சத்தத்தோடு பார்த்தோம்.

இன்னும் ஒன்பது மிச்சம். அடுத்தது 2015இன் 'தி லேடி இன் தி வேன்'. இதே வேடத்தை 1999இல் லண்டன் மேடையில் செய்திருக்கிறார், ஆகவே ஒரே பெயர் கோட்டின் இரண்டு பக்கமும் வரும். இடது பக்கத்தின் கடைசி வரி 2019: லண்டன் பிரிட்ஜ் தியேட்டரில், 84 வயதில், ஹிட்லரின் பிரசார அமைச்சர் கோயபல்ஸின் செயலாளராக இருந்த பெண்ணின் கதையைத் தனி ஆளாக உட்கார்ந்து சொன்ன 'எ ஜெர்மன் லைஃப்'. அதற்கான வட்டத்தை இன்னும் போடவில்லை.