லெனினின் கடைசி இரண்டு வருடங்களைத் தேதிவாரியாகத் தொகுத்தபோது

லெனினின் கடைசிக் காலத்தைப் பற்றி வாசிப்பு வட்டத்தில் பேச ஒப்புக்கொண்டிருந்தேன். நினைவுக் குறிப்புகளில் தொடங்கினால் ஒரே துதியாக இருந்தது. தேதி எதுவும் தேறவில்லை. சரி, நாமே தொகுப்போம் என்று நோட்டில் நடுவே ஒரு கோடு போட்டேன். இடப்பக்கம் அறைக்குள் நடந்தது, வலப்பக்கம் மக்களுக்குச் சொன்னது.

1922 மே மாத இறுதியில் மாஸ்கோவுக்கு அருகே கோர்க்கி என்ற ஊரின் பண்ணை வீட்டில் முதல் பக்கவாதம். அக்டோபரில் வேலைக்குத் திரும்பினார். டிசம்பரில் மறுபடியும் தாக்கியதில் வலது கையும் காலும் விழுந்தன. இதுவரை எழுதுவது சுலபம்.

அதற்கப்புறம்தான் லெனினின் செயலாளர்களுடைய பணிக்குறிப்பேடு கைகொடுத்தது. 1922 நவம்பர் 21 முதல் 1923 மார்ச் 6 வரை முறைவைத்து எழுதியது. நினைவுக் குறிப்புகளை மூட்டை கட்டிவிட்டு இதிலேயே உட்கார்ந்துவிட்டேன். டிசம்பர் 24 அன்று கட்சித் தலைமை எடுத்த முடிவு: தினமும் ஐந்து, பத்து நிமிடம் சொல்லி எழுதவைக்கலாம்; பதில் எதிர்பார்க்கக் கூடாது; பார்வையாளர் கூடாது; வீட்டார்கூட அரசியல் செய்தி சொல்லக் கூடாது. இதைக் கண்காணிக்கும் பொறுப்பு ஸ்டாலினிடம். அந்தச் சில நிமிடங்களில் லெனின் சொல்லி எழுதவைத்ததோ, ஸ்டாலினைப் பொதுச் செயலாளர் பதவியிலிருந்து நீக்கச் சொல்லும் கடிதம்!

பிப்ரவரி 12ஆம் தேதிக் குறிப்பை நான் பலமுறை படித்தேன். கடும் தலைவலி. மருத்துவர்கள் மீது வந்த வருத்தத்தில் அவர் உதடுகள் துடித்ததாகத் தங்கை மரியா சொல்கிறார். செய்தித்தாள் கூடாது என்று மருத்துவர் ஃபோர்ஸ்டர் முந்தின நாள் கண்டிப்பாகச் சொல்லியிருந்தார். மருத்துவர்கள் கட்சியின் மத்தியக் குழுவுக்கு உத்தரவிடவில்லை, மத்தியக் குழுதான் மருத்துவர்களுக்கு உத்தரவிடுகிறது என்று லெனினுக்குப் பட்டதாம். நோயை ஊருக்கு மறைத்தார்கள் என்றுதான் நாம் பேசுகிறோம். ஊரையே நோயாளிக்கும் மறைத்திருக்கிறார்கள்.

மார்ச் 10ஆம் தேதி பேச்சே போனது. இரண்டு நாளில் அரசு அறிக்கைகள் வரத் தொடங்கின; வலப்பக்கமும் நிறைய ஆரம்பித்தது. பேசவும் இடது கையால் எழுதவும் மனைவி குரூப்ஸ்கயா பழக்கியதற்குச் சில வரிகளே ஒதுக்கினேன். 1924 ஜனவரி 21இல் இறந்தபோது வயது 53. மூளை ரத்தக்குழாய்கள் தடித்துச் சுருங்கியிருந்ததைப் பிரேதப் பரிசோதனை காட்டியது.

நோட்டில் கடைசியாக இன்னொரு கோடு போட வேண்டியிருந்தது, எது எப்போது அச்சில் வந்தது என்று எழுத. சோவியத் நாட்டில் அந்தக் கடிதம் பரவலாக வெளியானது 1956இல், பணிக்குறிப்பேடு 1963இல்.