கிண்ணத்தைத் திருப்பிப் பார்த்தவர்

பாஸ்டன் நுண்கலை அருங்காட்சியகத்தில், வெள்ளித் தட்டார் பால் ரிவியர் 1768-இல் செய்த வெள்ளிக் கிண்ணத்தின் முன்னால் இன்று வெகுநேரம் நின்றேன். பிரிட்டிஷ் வரிகளை எதிர்த்து எழுதிய கடிதத்தைத் திரும்பப் பெறச் சொல்லி பிரிட்டிஷ் அரச ஆணை வந்தபோது, முடியாது என்று சொன்ன 92 மாசசூசெட்ஸ் பிரதிநிதிகளைப் போற்றும் கிண்ணம். செய்யச் சொன்ன 15 பேரின் பெயர்கள் விளிம்பைச் சுற்றி ஓடுகின்றன.

ஆனால் என் மனம் கேத்ரின் பியூலரிடமே போனது. இதே அருங்காட்சியகத்தில் பணியாற்றி, 1655 முதல் 1825 வரையிலான இதன் அமெரிக்க வெள்ளியை 1972-இல் இரண்டு தொகுதிகளாகப் பட்டியலிட்டவர். லேசான வேலையா அது! லண்டன் வெள்ளியில் தர முத்திரையோடு ஆண்டைக் காட்டும் எழுத்தும் இருக்கும். அன்றைய பாஸ்டனில் அந்த ஏற்பாடே கிடையாது. தட்டாரின் சொந்த முத்திரை மட்டும்தான், சில சமயம் வெறும் இரண்டு எழுத்து. அப்புறம் உயில், சொத்துப் பட்டியல், தேவாலயக் கணக்கு என்று தேடித்தான் ஆளையும் காலத்தையும் பிடிக்க வேண்டும்.

எனக்கு ரொம்பப் பிடித்தது பழைய குவளைக் கைப்பிடிகளில் இருக்கும் மூன்று எழுத்துகள். மேலே குடும்பப் பெயரின் முதலெழுத்து. கீழே கணவன், பக்கத்தில் மனைவி. ஒரு கல்யாணமே அதில் இருக்கிறது. சிலவற்றின் அடியில் கூர்முனையால் கீறிய எடையும் உண்டு. இன்றைய எடையை அதோடு ஒப்பிட்டால், இத்தனை தலைமுறை தேய்த்துத் துலக்கியதில் எவ்வளவு வெள்ளி போனது என்று தெரியும்.